மந்திரம் பற்றிய கட்டுரையில் எந்தச் சொல்லை மாற்றலாம், எதைத் தொடக்கூடாது?

கேள்வி இது: ராயபுரத்தில் ஒரு தெருக்கோயில். கும்பாபிஷேக மலருக்குக் காயத்ரி மந்திரம் பற்றிக் கட்டுரை கேட்டிருக்கிறார்கள். பழைய மலர் ஒன்றில் நல்ல கட்டுரை இருக்கிறது, அதை அப்படியே போடாமல் 'வேறு வார்த்தையில் மாற்றிக் கொடு' என்கிறார்கள். கேட்டவர் கல்லூரி மாணவர். போனில் ஒரு ஆப்பில் போட்டு, சொல்லுக்குச் சொல் நிகர்ச்சொல் வைத்து மாற்றியிருக்கிறார். படித்துப் பார்த்த பெரியவர், 'இது காயத்ரியைப் பற்றியதாகவே இல்லையேப்பா' என்று திருப்பிக் கொடுத்துவிட்டார். நல்ல நிகர்ச்சொற்கள் எங்கே கிடைக்கும், மந்திரத்துக்கு உள்ளேயே சொல்லை மாற்றிப் போடலாமா என்று கேட்கிறார்.

தம்பி, பெரியவர் சொன்னது சரி. வண்ணாரப்பேட்டை அச்சகங்களுக்கு முப்பது வருஷமாகப் புரூஃப் பார்த்துக் கொடுக்கிறேன். அதில் பாதி கோயில் மலர்கள்தான். நீங்கள் மாதிரிக்கு அனுப்பிய அந்த ஒரு வரியிலிருந்தே தொடங்குகிறேன், ஏனென்றால் எல்லாச் சிக்கலும் அதற்குள் இருக்கிறது.

பழைய கட்டுரையில் இருந்தது: 'காயத்ரி மந்திரத்தை நாள்தோறும் விடியற்காலையில் பக்தியோடு ஜபித்தால் புத்தி தெளியும்.' ஆப் மாற்றிக் கொடுத்தது: 'காயத்ரி சுலோகத்தை அன்றாடம் வைகறையில் விசுவாசத்தோடு முணுமுணுத்தால் மூளை சுத்தமாகும்.'

நாள்தோறும் என்பது அன்றாடம் ஆனதில் குற்றமில்லை. வைகறையும் இருக்கட்டும். மற்ற நான்கையும் பாருங்கள்.

மந்திரம் சுலோகம் ஆகாது. சுலோகம் என்றால் அனுஷ்டுப் என்ற சந்தத்தில் அடிக்கு எட்டு எழுத்தாக நாலடி, மொத்தம் 32 எழுத்து (புள்ளி வைத்த மெய்யெழுத்தை இந்தக் கணக்கில் சேர்ப்பதில்லை). காயத்ரி மூன்றே அடி, அடிக்கு எட்டு, மொத்தம் 24. எண்ணிக்கையிலேயே அது சுலோகம் இல்லை. அதோடு, சுலோகம் ஒரு புலவர் இயற்றியது. மந்திரத்தை ரிஷி 'கண்டார்' என்றுதான் மரபு சொல்கிறது. உங்கள் கட்டுரையில் 'விசுவாமித்திரர் கண்ட' என்று இருந்ததை ஆப் 'எழுதிய' என்று மாற்றியிருந்தால் அதையும் திருப்பிப் போடுங்கள். தமிழுக்கும் இது தெரிந்த விஷயம்தான். தொல்காப்பியம் செய்யுளியல் 'நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப' என்று மந்திரத்துக்குத் தனியாக இலக்கணமே சொல்கிறது. தோத்திரம், கவசம், நாமாவளி, சூத்திரம், பீஜம் எல்லாமே ஒரே அலமாரியில் இருக்கிற வேறு வேறு பாத்திரங்கள். ஒன்று இருக்கவேண்டிய இடத்தில் இன்னொன்றை வைக்க முடியாது.

அப்புறம் பக்தி, விசுவாசம் ஆனது. அகராதியில் இரண்டும் பக்கத்துப் பக்கத்தில்தான் இருக்கும். ஆனால் நம் பகுதியில் 'விசுவாசம்' என்ற சொல் காதில் விழுந்ததும் கோயில் நினைவுக்கு வராது, சர்ச் நினைவுக்கு வரும். 'விசுவாசிகள்', 'விசுவாசப் பிரமாணம்' எல்லாம் அங்கே தினமும் புழங்குகிற சொற்கள். வடசென்னையில் எழுதுகிறவர்களுக்கு இதில் ஒரு வசதி உண்டு. கோயில், சர்ச், பள்ளிவாசல் மூன்றும் ஒரே தெருவில் இருப்பதால் எந்தச் சொல் எந்த வாசலில் நிற்கிறது என்று நாம் புத்தகம் பார்க்காமலே சொல்லிவிடலாம். ஜபமும் ஜெபமும் எழுத்தில் ஒரு கொம்புதான் வித்தியாசம், ஆனால் சுவரில் 'ஜெபக் கூட்டம்' என்று போஸ்டர் இருந்தால் யார் நடத்துகிறார்கள் என்று சின்னப் பையனுக்கும் தெரியும். தொழுகை என்றால் யார் என்றும் தெரியும். வேதம் என்பதற்கு மாற்றாக ஆப் 'திருமறை' என்று கொடுக்கும். நல்ல தமிழ்ச்சொல்தான். ஆனால் குர்ஆனைத் திருமறை என்கிறார்கள், திருக்குறளைப் பொதுமறை என்கிறார்கள், கத்தோலிக்கர்களுக்கு மறைமாவட்டம் இருக்கிறது, கிறிஸ்தவர்கள் பைபிளை வேதம் என்றும் வேதாகமம் என்றும் சொல்கிறார்கள். எதுவும் யாருக்கும் தனிச்சொத்து இல்லை, எல்லாம் தமிழ்தான். ஆனாலும் படிக்கிறவர் மனசில் எந்தக் கதவு திறக்கிறது என்று பார்த்துத்தான் சொல்லை வைக்கவேண்டும். இந்தக் கட்டுரையில் 'ரிக் வேதம்' என்று பெயரோடு எழுதினால் குழப்பமே இல்லை.

ஜபித்தலை முணுமுணுத்தல் ஆக்கியது எனக்கு மனசு கேட்காத இடம். தமிழில் முணுமுணுப்பது என்றால் அதிருப்தியோடு வாய்க்குள் பேசுவது. மருமகள் முணுமுணுப்பாள், ரேஷன் கடை வரிசையில் நிற்கிறவர் முணுமுணுப்பார். ஜபத்தில் மூன்று வகை உண்டு. அடுத்தவர் காதில் விழும்படி சொல்வது வாசிகம், உதடு மட்டும் அசைவது உபாம்சு, உதடும் அசையாமல் மனசுக்குள் சொல்வது மானசம். ஒன்றைவிட அடுத்தது உயர்ந்தது என்று மனுஸ்மிருதி சொல்கிறது. உங்களுக்கு ஒரே சொல் திரும்பத் திரும்ப வருகிறதே என்று கவலை இருந்தால், இந்த மூன்றையும் விளக்கி ஒரு பத்தி எழுதுங்கள். அதற்குள் ஜபித்தல், ஓதுதல், உச்சரித்தல், உருவேற்றுதல் எல்லாம் தன்தன் இடத்தில் இயல்பாக வந்து உட்காரும். 'உருவேற்றுதல்' எனக்குப் பிடித்த சொல். திரும்பத் திரும்பச் சொல்லி மனசில் ஏற்றுவது என்ற அர்த்தம் அதில் முழுசாக இருக்கிறது.

புத்தியை மூளை ஆக்கியதற்கு விளக்கமே வேண்டாம்.

இனி மந்திரத்துக்குள் போவோம். 'தத் ஸவிதுர் வரேண்யம் பர்கோ தேவஸ்ய தீமஹி தியோ யோ ந: ப்ரசோதயாத்.' ரிக் வேதம் மூன்றாம் மண்டலம், 62ஆம் சூக்தம், பத்தாவது மந்திரம். முன்னால் சொல்கிற 'ஓம் பூர்புவஸ்ஸுவ:' இந்த ரிக்கில் (ரிக் வேத மந்திரத்தில்) கிடையாது, ஜபிக்கும்போது சேர்த்துச் சொல்வது. அதனால்தான் 24 எழுத்துக் கணக்கில் அது வராது. கணக்குப் போட்டுப் பார்ப்பவர்கள் முதல் அடியில் ஏழுதானே இருக்கிறது என்று திகைப்பார்கள். 'வரேண்யம்' என்பதை 'வரேணியம்' என்று பிரித்து எண்ணினால் எட்டு.

இதில் ஒரு சொல்லை மாற்றலாமா? கூடாது. இது என் சொந்தக் கருத்து இல்லை, மிகப் பழைய தீர்ப்பு. அக்னியை அழைக்கிற மந்திரத்தில் 'வஹ்னி' என்று போட்டாலும் நெருப்பு நெருப்புதான், ஆனால் அது வேதம் இல்லை என்பது மீமாம்சை, அதாவது வேத வாக்கியங்களுக்குப் பொருள் காணும் சாஸ்திரம். சொல்லும் மாறக்கூடாது, சொல்லின் வரிசையும் மாறக்கூடாது. இதையே எதிர்ப்பக்கத்திலிருந்து பிடித்துக்கொண்டு ஒருவர் வாதாடினார் என்று, வேதச் சொற்களுக்குப் பொருள் விளக்கிய பழைய ஆசிரியர் யாஸ்கர் தம் நிருக்தம் என்ற நூலில் எழுதுகிறார். கௌத்ஸர் என்று பெயர். 'சொல்லையும் வரிசையையும் மாற்ற முடியாது என்றால் மந்திரத்துக்கு அர்த்தமே இல்லை என்றுதானே ஆகிறது' என்பது அவர் கேள்வி. யாஸ்கர் சொன்ன பதில்: உலக வழக்கிலும் அப்படிச் சில சொற்கள் வரிசை மாறாமல் நிற்கின்றன, இந்த்ராக்னீ (இந்திரனும் அக்னியும்), பிதாபுத்ரௌ (தந்தையும் மகனும்) என்று. அதற்காக அவற்றுக்கு அர்த்தம் இல்லாமல் போய்விட்டதா? நம் தமிழிலும் 'தாய் தந்தை', 'இரவு பகல்' என்று யோசித்துப் பாருங்கள்.

இதில் உங்களுக்கு வேண்டிய இன்னொரு விஷயம் இருக்கிறது. யாஸ்கர் உரை எழுதியது ஒரு நிகர்ச்சொல் பட்டியலுக்குத்தான். நிகண்டு என்று அதற்குப் பெயர். பூமிக்கு 21 பெயர், தண்ணீருக்கு 101 பெயர் என்று வேதத்தில் வருகிற சொற்களை அடுக்கி வைத்திருக்கிறது. அதாவது நீங்கள் தேடுகிற நிகர்ச்சொல் அகராதி என்ற பொருளே நம் நாட்டில் மந்திரத்துக்காகத்தான் முதலில் உண்டானது. ஆனால் எதற்காக? மந்திரத்தில் ஒன்றை எடுத்துவிட்டு இன்னொன்றை வைப்பதற்காக இல்லை. அங்கே இருக்கிற சொல் என்ன சொல்கிறது என்று புரிந்துகொள்வதற்காக. அதே பெயரைத்தான் தமிழும் எடுத்துக்கொண்டது. திவாகரம், பிங்கலம், சூடாமணி நிகண்டு எல்லாம் அந்த வழியில் வந்தவை. திண்ணைப் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் அவற்றை மனப்பாடம் செய்தார்கள்.

உங்கள் வீட்டிலிருந்து கடலோரமாக வடக்கே போனால் திருவொற்றியூர். தியாகராஜ சுவாமி கோயிலில் வடிவுடையம்மனைப் பார்த்துவிட்டு வருகிறவர்களுக்கு அங்கே சமஸ்கிருத இலக்கணம் படிப்பிக்க ஒரு மண்டபமே இருந்தது என்று பெரும்பாலும் தெரியாது. சோழர் காலக் கல்வெட்டுகள் அதை வியாகரணதான மண்டபம் என்கின்றன. பாணினி இலக்கணம் பாடம் நடந்த இடம். சொல்லை எப்படித் தொடவேண்டும், எங்கே தொடக்கூடாது என்று பல நூறு வருஷத்துக்கு முன்னால் இந்தக் கடற்கரையில் உட்கார்ந்து படித்திருக்கிறார்கள். மலரில் இடம் இருந்தால் இதையும் இரண்டு வரி எழுதுங்கள். பழைய மலரில் இல்லாத செய்தியாகவும் இருக்கும், நம் ஊர்ச் செய்தியாகவும் இருக்கும்.

சரி, மந்திரத்தை மாற்ற முடியாது. அதன் அர்த்தத்தைத் தமிழில் எழுதும்போது சொல் தேர்ந்தெடுக்கத்தானே வேண்டும்? இங்கேதான் உங்கள் உழைப்பு முழுவதும் போகவேண்டும்.

மந்திரத்தில் 'ஸவிதுர்' என்று வருகிற 'ஸவிதா' என்ற இடத்தில் எல்லாரும் சூரியன் என்று எழுதிவிடுகிறோம். பிறகு ஒரே சொல் வரக்கூடாதென்று ஞாயிறு, கதிரவன், பகலவன், ஆதவன், பரிதி, வெய்யோன் என்று நிகண்டைக் கொட்டுகிறோம். எல்லாம் அழகான சொற்கள். ஆனால் ஸவிதா என்ற சொல்லுக்கு அடியில் இருக்கிற வினை 'தூண்டு, ஏவு' என்பது. எல்லாவற்றையும் தூண்டி எழுப்புகிறவன் என்றுதான் யாஸ்கரும் விளக்குகிறார். இப்போது மந்திரத்தின் கடைசிச் சொல்லைப் பாருங்கள்: ப்ரசோதயாத், தூண்டட்டும். தூண்டுகிறவனைப் பார்த்து எங்கள் அறிவைத் தூண்டு என்று கேட்கிறது மந்திரம். முதல் அடியும் மூன்றாம் அடியும் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கின்றன. அந்த இடத்தில் 'பகலவன்' என்று போட்டால் பகலைச் செய்கிறவன் வருவான், தூண்டுகிறவன் வரமாட்டான். 'ஸூர்யஸ்ய' என்று சமஸ்கிருதத்திலேயே மாற்றிப் பார்த்தால்கூட எழுத்துக் கணக்கு சரியாக வந்துவிடும், ஆனால் அந்தப் பிடி விட்டுப்போகும். நிகர்ச்சொல் என்பதன் ஆபத்து இதுதான். கணக்கு சரியாக இருக்கும், உள்ளே இருந்த முடிச்சு அவிழ்ந்திருக்கும்.

பாரதியார் பாஞ்சாலி சபதத்தில் இந்த மந்திரத்தைத் தமிழில் தந்திருக்கிறார்: 'செங்கதிர்த் தேவன் சிறந்த ஒளியினைத் தேர்கின்றோம் - அவன் எங்களறிவினைத் தூண்டி நடத்துக'. எத்தனை தடவை படித்தாலும் எனக்கு அலுக்காத இரண்டு வரி. 'தூண்டி' என்பதை விடவில்லை பாருங்கள். 'வரேண்யம்' என்பதற்குச் 'சிறந்த' என்று நேராகச் சொல்லிவிட்டார், அலங்காரம் தேடவில்லை. அதைவிட முக்கியம், 'எங்கள்'. மூலத்தில் 'ந:' என்று பன்மைதான் இருக்கிறது. என் கைக்கு வந்த மலர்க் கட்டுரைகளில் பலவற்றில் 'என் புத்தியைத் தூண்டட்டும்' என்று ஒருமையில் இருந்தது. ஒரு எழுத்து குறைவது போலத்தான் தெரியும், ஆனால் ஊருக்காகக் கேட்டது தனக்காகக் கேட்டதாக ஆகிவிடுகிறது. இன்னும் ஒன்று. சமஸ்கிருதத்தில் 'எங்கள்', 'நம்' என்ற பிரிவு கிடையாது. தமிழில் உண்டு. கடவுளைப் பற்றிப் பேசும்போது நாம் எல்லாரும் ஒரு பக்கம் என்பதால் 'நம் அறிவு' என்றும் எழுதலாம், வேண்டுதலாகச் சொல்லும்போது 'எங்கள்' பொருந்தும். மந்திரத்துக்கு நேர் அர்த்தம் தருகிற இடத்தில் நான் எங்கள் என்றே வைப்பேன்.

மந்திரத்தில் 'தியோ' என்று வருகிற 'தீ' என்ற சமஸ்கிருதச் சொல்லுக்கு அறிவு, புத்தி, மதி, சிந்தனை என்று எழுதலாம். 'மதி' மட்டும் இந்தக் கட்டுரையில் வேண்டாம். சூரியனைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும்போது மதி என்றால் படிக்கிறவர் ஒரு கணம் நிலாவுக்குப் போய்வருவார்.

காயத்ரி என்ற பெயருக்கே மாற்று வேண்டும் என்றால், உண்மையான மாற்றுப்பெயர் ஒன்றுதான் உண்டு: ஸாவித்ரீ. ஸவிதாவுக்கு உரியது என்பதால் அந்தப் பெயர். ஆனால் 'சாவித்திரி' என்று மட்டும் எழுதினால் நம் வாசகருக்குச் சத்தியவானோ நடிகையோ நினைவுக்கு வருவார்கள். ஒரு தடவை விளக்கம் சொல்லிவிட்டு எழுதுங்கள். காயத்ரி என்பது சந்தத்தின் பெயர், அந்தச் சந்தத்தில் இருக்கிற இந்த மந்திரத்தின் பெயர், தேவியின் பெயரும்கூட. எந்த இடத்தில் எதைச் சொல்கிறோம் என்று கவனமாக இருந்தால் 'இந்த மூன்றடி மந்திரம்', 'விசுவாமித்திரர் கண்ட ரிக்' என்று தானாகவே வேறு வேறு சொல் வந்துவிடும்.

அப்படியும் ஒரே சொல் திரும்ப வந்தால் வரட்டும், பயப்படாதீர்கள். ஆங்கிலப் பாடத்தில் ஒரே சொல்லைத் திரும்ப எழுதாதே என்று சொல்லிக் கொடுத்ததை நாம் பக்தி எழுத்துக்கும் கொண்டுவந்துவிட்டோம். பூங்கா நகரில் கந்தகோட்டம் போயிருப்பீர்கள். அங்கே வள்ளலார் பாடிய தெய்வமணிமாலையில் 'ஒருமையுடன் நினது திருமலரடி நினைக்கின்ற உத்தமர்தம் உறவு வேண்டும்' என்று தொடங்குகிற பாட்டில் வேண்டும், வேண்டும், வேண்டும் என்றே வரி வரியாகப் போகிறது. 'தேவை', 'அருள்வாய்', 'தருக' என்று மாற்றிப் போட அவருக்குச் சொல்லா இல்லை? கேட்கிறவன் ஒரே சொல்லைப் பிடித்துக்கொண்டு கேட்பதில்தான் அந்தப் பாட்டின் பலம். சம்பந்தரும் அப்பரும் நமச்சிவாயப் பதிகங்களில் செய்ததும் அதுதான். ஐந்தெழுத்து ஒவ்வொரு பாட்டிலும் மாறாமல் வந்து நிற்கும், அதைச் சுற்றி அவர்கள் சொன்னதெல்லாம் புதிது. உங்கள் கட்டுரைக்கு இதைவிட நல்ல முன்மாதிரி எனக்குத் தெரியவில்லை.

ஆகையால் சொல்லை மாற்றுகிற வேலையை நிறுத்திவிட்டு இப்படிச் செய்து பாருங்கள். பழைய கட்டுரையை இரண்டு தடவை படித்து மூடி வையுங்கள். வீட்டில் அம்மாவிடமோ பாட்டியிடமோ அதில் என்ன இருந்தது என்று வாயால் சொல்லுங்கள், போனில் பதிவு செய்துகொள்ளுங்கள். அவர்கள் குறுக்கே ஏதாவது கேட்பார்கள். கேட்டால் ரொம்ப நல்லது, பழைய கட்டுரை விட்ட இடம் அதுதான். பிறகு அந்தப் பதிவைக் கேட்டு எழுதுங்கள். மேலே சொன்ன வரி அப்போது இப்படி வரலாம்: 'விடிவதற்குள் எழுந்து, வேறு பேச்சு இல்லாமல் உட்கார்ந்து காயத்ரியை உருவேற்றுகிறவருக்கு அன்றைக்கு எடுத்த காரியத்தில் அறிவு கலங்காமல் ஓடும்.' ஒரு சொல்லுக்கு ஒரு சொல் என்று இதில் எதையும் தேடவில்லை. எழுதி முடித்த பிறகு மூலக் கட்டுரையைத் திறந்து, ரிஷி, சந்தம், தேவதை, மண்டல எண் ஆகியவை மட்டும் சரியாக இருக்கின்றனவா என்று ஒப்பிட்டுப் பாருங்கள். முடிவில் 'இன்ன மலரில் இன்னார் எழுதிய கட்டுரையைத் தழுவியது' என்று ஒரு வரி கட்டாயம் போடுங்கள். சொல்லை எல்லாம் மாற்றிவிட்டால் அது நம்முடையதாகிவிடாது. யோசித்தவர் அவர். விழாக்குழுவுக்கு இதில் தயக்கம் இருந்தால் அந்த எழுத்தாளர் வீட்டாரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடச் சொல்லுங்கள். பெரும்பாலும் சந்தோஷப்படுவார்கள்.

நிகர்ச்சொல்லுக்கு எங்கே போவது என்று கேட்டீர்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன், 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதியாக வந்தது, இப்போது இணையத்திலேயே தேடலாம். ஒரு சொல் பழைய நூல்களில் எப்படி வந்திருக்கிறது என்று மேற்கோளோடு காட்டும். இன்றைய வழக்குக்கு க்ரியா அகராதி. சமஸ்கிருதச் சொல்லுக்கு ஆப்தே, மோனியர் வில்லியம்ஸ் அகராதிகள். அகராதி காட்டுகிற சொல்லை நீங்கள் இதற்கு முன் ஒரு வாக்கியத்தில் கேட்டதே இல்லை என்றால் அதை எடுக்காதீர்கள்.

கணினியில் 'தேடி மாற்று' கட்டளையை மட்டும் தொடவே வேண்டாம். ஒரு மலரில் 'மதி' எல்லாவற்றையும் 'அறிவு' என்று மாற்றிவிட்டு என்னிடம் அனுப்பினார்கள். அனுமதி 'அனுஅறிவு' ஆகியிருந்தது, வெகுமதி 'வெகுஅறிவு' ஆகியிருந்தது. 'ஒளி'யைச் 'சுடர்' ஆக்கியதில், சூரியன் மேகத்துக்குள் 'சுடர்ந்து' கொண்டிருந்தது, ஒளிந்துகொள்வதற்குப் பதிலாக. நாற்பது பக்கத்தையும் சொல் சொல்லாகத் திரும்பப் பார்க்க எனக்கு இரண்டு ராத்திரி ஆனது. அன்று நான் பார்க்காமல் விட்டிருந்தால் உபயதாரர்கள் பெயரோடு அப்படியே அச்சேறியிருக்கும்.

கடைசியாக மந்திர வரி. அதைத் தட்டச்சு செய்யும்போது பழைய மலரில் எழுத்துக்கு மேல் சின்னதாக 2, 3, 4 என்று எண்கள் இருக்கும். தமிழில் ஒரே 'க', ஒரே 'ப' என்பதால் எந்த ஒலி என்று காட்ட அந்த எண். எழுத்துருவை மாற்றும்போது அவை கீழே இறங்கி 'ப4ர்கோ3' என்று வரியோடு கலந்துவிடும், அல்லது காணாமலே போய்விடும். 'ந:' என்பதன் இரட்டைப்புள்ளியை டிடிபி போடுகிறவர் நிறுத்தக்குறி என்று நினைத்து முன்னால் ஒரு இடம் விட்டுவிடுவார், வரி முடிகிற இடமாக இருந்தால் புள்ளி மட்டும் அடுத்த வரிக்குத் தனியாகப் போய் நிற்கும். அதனால் அந்த ஒரு பக்கத்தைக் காகிதத்தில் பிரிண்ட் எடுத்து, உங்கள் கோயில் குருக்கள் கையில் கொடுத்து, அதைப் பார்த்தே வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். அவருக்கு மனப்பாடம் என்பதால் கண் தாளில் இல்லாமலே சொல்லிவிடுவார். விரலை எழுத்தின் மேல் வைத்துக்கொண்டு மெதுவாகச் சொல்லச் சொல்லுங்கள். விரல் எங்கே நிற்கிறதோ அங்கே பென்சிலால் ஒரு வட்டம் போட்டு, அச்சகத்துக்குத் திருப்பி அனுப்புங்கள்.